எல்லாக் கிளைக்கோலும் நஞ்சல்ல: எண்ணைப் பார்த்துப் பேசுவோம்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

இருமல் மருந்தில் நஞ்சு கலந்து பிள்ளைகள் இறந்துபோன செய்திகளைத் தங்கள் நாளிதழ் தொடர்ந்து வெளியிட்டு வருகிறது. செய்யவேண்டிய பணி அது. ஆனால் பல செய்திகளில் நஞ்சின் முழுப்பெயர் இல்லாமல், ‘கிளைக்கோல் எனும் இரசாயனம்’ என்று மட்டும் அச்சாகிறது. அந்த அரைப்பெயர் புலனத்தில் (வாட்ஸ்அப்பில்) குரல்பதிவாகித் தோட்டம் தோட்டமாகச் சுற்றுகிறது. விளைவு, எங்கள் சுங்கை சிப்புட் வட்டாரத்தில் பெரியவர்கள் மலச்சிக்கலுக்குக் கொடுத்த மருந்துத்தூளைக் குப்பையில் கொட்டுகிறார்கள். பெருங்குடல் பரிசோதனைக்கு நாள் குறிக்கப்பட்டவர்கள் பாக்கெட்டில் ‘பாலிஎத்திலீன் கிளைக்கோல்’ என்று இருப்பதைக் கண்டு பயந்து, குடிக்காமலோ பாதி குடித்தோ ஈப்போ மருத்துவமனைக்குப் போகிறார்கள். குடல் சுத்தமாகாமல், உள்ளே விட்டுப் பார்க்கும் கேமரா எதையும் காட்டாது. பரிசோதனையைத் தள்ளிவைப்பதைத் தவிர மருத்துவருக்கு வழியில்லை. மலேசியாவில் அதிகம் காணப்படும் புற்றுநோய்களில் பெருங்குடல், மலக்குடல் புற்றுநோய் இரண்டாம் இடத்தில் இருக்கும்போது, ஒரு பெயர்க் குழப்பத்தால் பரிசோதனை தள்ளிப்போவதைப் பார்த்துக்கொண்டு சும்மா இருக்க முடியவில்லை. அதனால்தான் இந்த நீண்ட கடிதம்.

பாலிஎத்திலீன் கிளைக்கோல், பி.இ.ஜி., மேக்ரோகோல் என்று மருந்துப் பெட்டிகளில் வரும் மூன்று பெயரும் ஒரே பொருளைத்தான் குறிக்கின்றன. இரண்டு கார்பனும் ஓர் ஆக்சிஜனும் நான்கு ஹைட்ரஜனும் சேர்ந்த சிறு கண்ணி ஒன்று, பூச்சரத்தில் பூவுக்குப் பின் பூ தொடுப்பதுபோல் மீண்டும் மீண்டும் தொடுக்கப்பட்டது இது. ஒரு கண்ணியின் மூலக்கூறு எடை 44. சரத்தின் இரு முனைகளையும் முடிக்க ஒரு தண்ணீர் மூலக்கூறின் எடை, அதாவது 18, கூட்டிக்கொள்ள வேண்டும். இந்தக் கணக்கு ஒன்று போதும், குடும்பம் முழுவதையும் வரிசைப்படுத்திவிடலாம். ஒரு கண்ணி மட்டும் இருந்தால் எடை 62: அது எத்திலீன் கிளைக்கோல், காரின் ரேடியேட்டரில் ஊற்றும் கூலன்ட். இரண்டு கண்ணி இருந்தால் 106: அது டைஎத்திலீன் கிளைக்கோல், பிள்ளைகளைக் கொன்ற நஞ்சு. ஏறக்குறைய ஒன்பது கண்ணி சேர்ந்தால் 400: மாத்திரை உறைகளிலும் கண் சொட்டு மருந்துகளிலும் இருக்கும் பி.இ.ஜி. 400. 76 கண்ணி வந்தால் 3350, 90 கண்ணி வந்தால் 4000. மலச்சிக்கல் மருந்தும் குடல் சுத்திகரிப்பு மருந்தும் இந்தக் கடைசி இரண்டில் ஒன்றுதான்.

ஆக, ஒரே குடும்பம் என்பது உண்மை. அதை மறைத்து ‘இது வேறு, அது வேறு’ என்று மொட்டையாகச் சொன்னால் மக்கள் நம்பமாட்டார்கள், நம்பவும் தேவையில்லை. நீளம் ஏன் இவ்வளவு பெரிய வேறுபாட்டை உண்டாக்குகிறது என்பதைத்தான் விளக்க வேண்டும். ஒரு கண்ணி, இரண்டு கண்ணி உள்ளவை குடலில் முழுதாக உறிஞ்சப்பட்டுக் கல்லீரலுக்குப் போகின்றன. மதுவை உடைக்கும் அதே நொதி அவற்றின் முனையைப் பிடித்து அமிலமாக மாற்றுகிறது. எத்திலீன் கிளைக்கோல் கடைசியில் ஆக்சாலிக் அமிலமாகிறது. அது கால்சியத்தோடு சேர்ந்து ஊசி ஊசியான படிகங்களாகச் சிறுநீரகத்தில் படிகிறது. டைஎத்திலீன் கிளைக்கோலிலிருந்து டைகிளைக்கோலிக் அமிலம் உண்டாகிச் சிறுநீரகத்தின் நுண்குழாய்ச் செல்களைச் சாகடிக்கிறது. 3350-உம் 4000-உம் அப்படியல்ல. அவ்வளவு நீண்ட சரம் குடல் சுவரைக் கடப்பதே இல்லை என்று சொல்லலாம். குடித்ததில் ஒரு சதவீதம்கூட இரத்தத்துக்குள் போவதில்லை. வயிற்று அமிலமோ குடலின் நொதிகளோ இந்தச் சரத்தை அறுத்துச் சிறு துண்டாக்குவதும் இல்லை. வாய் வழியாகப் போனது அப்படியே மலத்தோடு வெளியேறுகிறது. அந்த மருந்து வேலை செய்வதே அப்படி வெளியேறுவதால்தான்.

சரி, இருமல் மருந்துக்குள் அந்த இரண்டு கண்ணி நஞ்சு எப்படி வருகிறது? பாராசெட்டமால் போன்ற மருந்துகள் தண்ணீரில் சரியாகக் கரையாது. கரைக்க கிளிசரின், புரோப்பிலீன் கிளைக்கோல், பி.இ.ஜி. 400 போன்ற நல்ல கரைப்பான்களைச் சேர்ப்பார்கள். டைஎத்திலீன் கிளைக்கோல் பார்வைக்கு அவற்றைப் போலவே நிறமற்றது, வழவழப்பானது, இனிப்பானது, விலை குறைவு. பீப்பாயில் பெயர்ச்சீட்டை மாற்றி ஒட்டிவிட்டால் கண்ணாலோ மூக்காலோ நாக்காலோ கண்டுபிடிக்க முடியாது. 1937-இல் அமெரிக்காவில் சல்பனிலமைடு மருந்தை நேரடியாகவே டைஎத்திலீன் கிளைக்கோலில் கரைத்து விற்றதில் நூற்றுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். மறு ஆண்டே அந்த நாட்டில் மருந்துச் சட்டம் மாறியது. அதற்குப் பிறகும் ஹைட்டி, பனாமா, 2022-இல் காம்பியா, இந்தோனேசியா என்று தொடர்ந்தது. 2025-இல் மத்தியப் பிரதேசத்தின் சிந்த்வாரா பகுதியில் பிள்ளைகள் குடித்த மருந்து காஞ்சிபுரம் மாவட்டத்தில் தயாரானது. தமிழ்நாட்டு அரசின் ஆய்வில் அதில் 48.6 சதவீதம் டைஎத்திலீன் கிளைக்கோல் இருந்தது தெரியவந்தது. அனுமதிக்கப்படும் உச்ச அளவு 0.1 சதவீதம். பாதி பாட்டில் நஞ்சு என்றால் அது தவறிச் சிந்திய துளி அல்ல. மூலப்பொருளைச் சோதிக்காமலே கொப்பரையில் ஊற்றியிருக்கிறார்கள்.

பி.இ.ஜி. 400 போன்ற குட்டைச் சரங்களைத் தயாரிக்கும்போது ஒரு கண்ணி, இரண்டு கண்ணி மூலக்கூறுகள் கொஞ்சம் மிஞ்சத்தான் செய்யும். மருந்துத் தரத்துக்கு அமெரிக்க மருந்துத்தர நூல் வைத்திருக்கும் வரம்பு, இரண்டும் சேர்த்து 0.25 சதவீதம். ஆகவே, இணையக் கடையில் ‘பி.இ.ஜி. 400, ஒரு லிட்டர்’ என்று மலிவாக வருவதை வாங்கி வீட்டில் முகப்பூச்சோ மருந்தெண்ணெயோ கலக்குவோருக்கு ஒரு வார்த்தை: தொழிற்சாலைத் தரத்துக்கு இந்த வரம்பு கட்டாயமில்லை. எந்தத் தரம் என்று சீட்டில் எழுதாததை உடம்பில் பூசவும் வேண்டாம், வாயில் வைக்கவும் வேண்டாம். அதையே வேப் திரவத்தில் சேர்ப்பவர்களும் உண்டு. கம்பிச்சுருளின் சூட்டில் அது உடைந்து பார்மால்டிஹைடு ஆகிறது.

வீட்டில் செய்யக்கூடியது சோதனை அல்ல, சரிபார்ப்பு. இந்நாட்டில் பதிவான ஒவ்வொரு மருந்துப் பெட்டியிலும் ‘எம்.ஏ.எல்.’ என்ற மூன்று எழுத்தும் அதையடுத்து எட்டு இலக்க எண்ணும் ஓர் எழுத்தோ சில எழுத்துகளோ இருக்கும்; மின்னும் பாதுகாப்புச் சீட்டும் ஒட்டியிருக்கும். எண்ணைத் தேசிய மருந்து ஒழுங்குமுறை நிறுவனத்தின் இணையத் தளத்தில் தட்டினால் மருந்தின் பெயரும் நிறுவனமும் வரவேண்டும். நம்மிடையே ஊருக்குப் போய்வரும் உறவினர்கள் சென்னையிலிருந்தும் திருச்சியிலிருந்தும் பை நிறைய இருமல் மருந்து கொண்டுவருவது வழக்கம். பாசத்தில் கொண்டுவருகிறார்கள், ஆனாலும் பதிவு எண் இல்லாத சிரப்பைப் பிள்ளைக்குக் கொடுக்காதீர்கள். இரண்டு வயதுக்குட்பட்ட குழந்தைக்குச் சளி, இருமல் சிரப்பே வேண்டாம். எந்தச் சிரப் கொடுத்த பிறகும் பிள்ளை வாந்தி எடுத்து, சோர்ந்து, சிறுநீர் குறைந்தாலோ நின்றாலோ, காத்திருக்காமல் பாட்டிலையும் எடுத்துக்கொண்டு மருத்துவமனைக்கு ஓடுங்கள். சிறுநீர் நிற்பதுதான் இந்த நஞ்சின் கையெழுத்து. இன்னொன்று, பட்டறைகளில் கூலன்டைக் குடிநீர்ப் பாட்டிலில் ஊற்றி வைக்கும் பழக்கம் எங்கும் இருக்கிறது. அது இனிக்கும், நிறமும் சர்பத் போல இருக்கும். அதை அதன் சொந்தப் புட்டியிலேயே, பிள்ளைகளின் கைக்கு எட்டாத உயரத்தில் வையுங்கள்.

இனி, குப்பைக்குப் போகும் அந்த மருந்துத்தூளுக்கு வருவோம். அந்தச் சரத்தில் உள்ள ஒவ்வோர் ஆக்சிஜனும் தண்ணீர் மூலக்கூறுகளைத் தன் பக்கம் ஈர்த்துப் பிடித்துக்கொள்ளும். பிளாஸ்டிக் பை செய்யும் பாலிஎத்திலீனில் ஆக்சிஜன் இல்லை, அதனால் அது தண்ணீரில் கரைவதில்லை, பி.இ.ஜி.யில் ஒவ்வொரு கண்ணிக்கும் ஓர் ஆக்சிஜன் இருப்பதால் அது தாராளமாகக் கரைகிறது. கரைந்த தூள் குடலுக்குள் போகும்போது தான் பிடித்த தண்ணீரை விடாமல் கடைசிவரை கொண்டுபோய்ச் சேர்க்கிறது. மலம் இளகுவது அதனால்தான். குடலை முறுக்கியோ எரித்தோ அது வேலை வாங்குவதில்லை. லாக்டுலோஸ் சிரப் ஒருவகைச் சர்க்கரை. குடல் கிருமிகள் அதைப் புளிக்கவைத்து வாயு உண்டாக்கும். பி.இ.ஜி. புளிப்பதில்லை, சர்க்கரையும் இல்லை. நீரிழிவு உள்ளவர்களும் எடுக்கலாம்.

பெரியவர்களுக்கு 10 கிராம் பொட்டலம் ஒன்றோ இரண்டோ, ஒரு குவளைத் தண்ணீரில் நன்றாகக் கரைத்து, காலையில். பலன் தெரிய 24 முதல் 48 மணி நேரம் ஆகும். இங்கேதான் பலர் பொறுமை இழக்கிறார்கள்: மறுநாள் காலை போகவில்லை என்று இரண்டை நான்காக்குகிறார்கள், மூன்றாம் நாள் வயிற்றோட்டம் என்று மருந்தைத் திட்டுகிறார்கள். தூளை வாயில் கொட்டித் தண்ணீர் குடிப்பதும் கூடாது, குவளையிலேயே கரையவேண்டும். கடும் வயிற்றுவலி, வாந்தி, வாயுவும் போகாமல் வயிறு உப்பல் என்றிருந்தால் குடல் அடைப்பாக இருக்கலாம். அந்த நிலையில் எந்த மலமிளக்கியும் எடுக்காமல் மருத்துவமனைக்குத்தான் போகவேண்டும். திறந்த டப்பாவில் ஈரக்கரண்டியை விட்டால் நம் ஊர் ஈரப்பதத்தில் தூள் கட்டியாகிவிடும். கட்டியான தூள் கரையத் தாமதமாகும், அளவும் தவறும்.

பக்கவாதத்தில் விழுங்கும் சக்தி குறைந்தவர்களை வீட்டில் வைத்துப் பார்ப்பவர்கள் இதைக் குறித்துக்கொள்ள வேண்டும். அவர்களுக்குத் தண்ணீரையும் கஞ்சியையும் கெட்டியாக்க ஒரு மாவு கொடுப்பார்கள். அது ஸ்டார்ச் வகையாக இருந்தால், பி.இ.ஜி. மருந்தை அதில் கலந்ததும் கெட்டி உடைந்து நீர்த்துப்போகும். நோயாளி அதைக் குடித்தால் புரையேறி நுரையீரலுக்குள் போகும் ஆபத்து உண்டு, நிமோனியா வரும். பிசின் (கம்) வகைக் கெட்டியாக்கி இருக்கிறதா என்று மருந்தாளரிடம் கேளுங்கள். கலந்துவைத்த குவளையைச் சாய்த்துப் பார்த்து, கெட்டி நிற்கிறதா என்று உறுதிசெய்யாமல் வாயருகே கொண்டுபோகாதீர்கள்.

பெருங்குடல் பரிசோதனைக்கு முன் குடிப்பது இதன் பெரிய அளவு. ஒரு வகையில் ஒவ்வொரு பாக்கெட்டிலும் 64 கிராம் மேக்ரோகோல் 4000-உம் உப்புகளும் இருக்கும். ஒரு பாக்கெட்டுக்கு ஒரு லிட்டர் தண்ணீர். உடல் எடையைப் பொறுத்து மூன்று அல்லது நான்கு பாக்கெட். உப்புகள் எதற்கு? இரத்தத்தில் உள்ள உப்பும் குடலில் உள்ள உப்பும் சமமாக இருந்தால்தான், நான்கு லிட்டர் உள்ளே போய் வெளியே வந்தாலும் உடம்பிலிருந்து தண்ணீரோ சோடியமோ பொட்டாசியமோ களவுபோகாது. சோடியம் சல்பேட், சோடியம் பைகார்பனேட், சாதா உப்பு, பொட்டாசியம் குளோரைடு ஆகிய நான்கையும் அளந்து சேர்ப்பது அதற்காகவே. இதனால்தான் சிறுநீரகமும் இதயமும் பலவீனமானவர்களுக்கு மருத்துவர்கள் பாஸ்பேட் வகைக் குடல்கழுவியைத் தவிர்த்து இந்த வகையைத் தேர்ந்தெடுக்கிறார்கள். கலக்கும் தண்ணீரைக் குறைப்பவர்கள் அந்தச் சமநிலையைத் தாங்களே உடைக்கிறார்கள். ‘ஒரு லிட்டரைக் குடிக்க முடியாது, அரை லிட்டரில் கலக்கிவிட்டேன்’ என்றால், உடம்பிலிருந்து தண்ணீரை உறிஞ்சும் வேறொரு மருந்தாகிவிட்டது என்று பொருள்.

செய்முறையை நேராகச் சொல்கிறோம். சுத்தமான ஒரு லிட்டர் ஜாடியில் பாதிவரை வெதுவெதுப்பான தண்ணீர் ஊற்றி, தூளைக் கொட்டி, அடியில் ஒன்றும் தங்காமல் கலக்குங்கள். பிறகு மீதித் தண்ணீரை லிட்டர் கோடுவரை நிரப்பிக் குளிர்பெட்டியில் வையுங்கள். குளிர்ந்தால் உப்புக்கரிப்பு பாதி தெரியாது. உறிஞ்சுகுழலை நாக்கின் பின்பகுதிக்குக் கொண்டுபோய்க் குடித்தால் இன்னும் எளிது. வடிகட்டிய எலுமிச்சைச் சாறு சில துளி விடலாம். சர்க்கரை, தேன் சேர்க்காதீர்கள். குடலில் புளித்து எரியக்கூடிய வாயுவை உண்டாக்கும், பரிசோதனையின்போது மின்சூட்டுக் கருவி பயன்பட்டால் அது ஆபத்து. ரோஸ் சிரப், ரிபேனா போன்ற சிவப்பு, ஊதா நிறப் பானங்களைத் தொடாதீர்கள். கேமராவில் இரத்தம்போலத் தெரியும். மைலோவும் தே தாரிக்கும் பால் சேர்ந்தவை, கூடாது. பால் விடாத தே ஓ, கோப்பி ஓ, வடிகட்டிய ரசத்தெளிவு, கோழிச்சாறு குடிக்கலாம். இளநீரில் பொட்டாசியம் அதிகம். சிறுநீரக நோயாளிகள் தொடவேண்டாம்.

பரிசோதனைக்கு முந்தைய இரண்டு மூன்று நாள் சாப்பாட்டில்தான் நம்மவர்கள் அதிகம் தவறுகிறார்கள். வெள்ளைச் சோறு, மீன், முட்டை, தோல் நீக்கிய கோழி போதும். கீரை, முருங்கைக்காய், வெண்டை, கொய்யா, டிராகன் பழம், பயறு, கச்சான் (நிலக்கடலை) வேண்டாம். தாளித்த கடுகுகூடக் குடல் மடிப்பில் ஒட்டிக்கொண்டு உறிஞ்சும் குழாயை அடைக்கும். அந்த நாட்களுக்குத் தாளிப்பை விட்டுவிடுங்கள். இரும்புச்சத்து மாத்திரையை ஒரு வாரத்துக்கு முன்பே நிறுத்தச் சொல்வார்கள், மலத்தைக் கறுப்பாக்கி மறைக்கும் என்பதால். இரத்தத்தை இளக்கும் மருந்தையும் இன்சுலினையும் மட்டும் தாமாக நிறுத்தவோ குறைக்கவோ கூடாது. தேதி குறிக்கும்போதே கேட்டு எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.

மருந்தை ஒரே இரவில் குடித்து முடிப்பதைவிடப் பாதியை முந்தைய மாலையும் பாதியைப் பரிசோதனைக்கு நான்கிலிருந்து ஆறு மணி நேரத்துக்கு முன்பும் குடிப்பது நன்றாகச் சுத்தமாக்கும். சுங்கை சிப்புட்டிலிருந்து ஈப்போவுக்குப் போகவேண்டியவர்களுக்கு இதில்தான் பயம்: வழியில் வந்துவிட்டால்? காலை 10 மணிப் பரிசோதனை என்று வைத்துக்கொள்வோம். இரண்டாம் பாதியை விடியற்காலை 4 மணிக்குத் தொடங்குங்கள். 15 நிமிடத்துக்கு ஒரு 250 மில்லிலிட்டர் குவளை என்றால் இரண்டு லிட்டருக்கு எட்டுக் குவளை, 6 மணிக்கு முடியும். அதன்பின் ஒன்றரை, இரண்டு மணி நேரத்தில் பெரும்பாலும் அடங்கிவிடும், எட்டரைக்குக் கிளம்பலாம். பேருந்தை நம்பாதீர்கள், மயக்க ஊசி போடுவதால் திரும்பும்போது நீங்கள் காரோ மோட்டார்சைக்கிளோ ஓட்டவும் கூடாது, யாராவது கூட வரவேண்டும். பரிசோதனைக்கு முந்தைய இரண்டு மணி நேரம் தண்ணீர்கூடக் கூடாது. குமட்டினால் அரை மணி நேரம் நிறுத்தி, கொஞ்சம் நடந்துவிட்டுத் தொடருங்கள். வாந்தி நிற்காவிட்டால் வார்டுக்கு அழையுங்கள். வழக்கமான மாத்திரைகளை மருந்து தொடங்குவதற்கு முந்தைய ஒரு மணி நேரத்துக்குள் விழுங்கினால் அவையும் அடித்துக்கொண்டு போய்விடும்.

எப்போது சுத்தம் என்று எப்படித் தெரியும்? ‘ஐந்து தடவை போய்விட்டேன்’ என்பது அடையாளமல்ல. பழுப்புத் தண்ணீர் என்றால் இன்னும் இருக்கிறது. பால் விடாத தேநீர் நிறம் என்றாலும் இருக்கிறது. துணுக்கு எதுவும் இல்லாமல் வெளிர் மஞ்சளாக, அடியில் உள்ள பீங்கான் தெரியும்படி தெளிவாக வந்தால் போதும். தெளிந்துவிட்டது என்று மீதியைக் கொட்டிவிடாதீர்கள். சிறுகுடலிலிருந்து பித்தநீர் இறங்கிக்கொண்டே இருப்பதால் காலையில் குடிக்கும் பாதிதான் வலப்பக்கக் குடலைக் கழுவுகிறது.

இரண்டு லிட்டர் போதும் என்று வரும் புதிய வகைகள் சிலவற்றில் வைட்டமின் சி, அதாவது அஸ்கார்பிக் அமிலம், நிறையச் சேர்த்திருப்பார்கள். இரத்தச் சிவப்பணுவைக் காக்கும் ஜி6பிடி எனும் நொதி குறைவாக உள்ளவர்களுக்கு அது இரத்த அணுக்களை உடைக்கலாம். நம் நாட்டில் இந்தக் குறைபாடு அரிதல்ல; பிறந்தபோது தொப்புள்கொடி இரத்தத்தில் பார்த்துச் சொல்லியிருப்பார்கள். இருந்தால் தாதியிடம் முதலிலேயே சொல்லுங்கள்.

பி.இ.ஜி. எல்லா இடத்திலும் எல்லாருக்கும் தீங்கற்றது என்று நாங்கள் சொல்லவில்லை. புண்ணுக்குப் போடும் முப்பிரோசின் களிம்பு பி.இ.ஜி. அடிப்படையில் செய்யப்படுகிறது. தோல் முழுதாக இருக்கும்போது அது உள்ளே போவதில்லை. ஆனால் பெரிய தீக்காயத்திலும் தோலுரிந்த அகன்ற புண்ணிலும் குட்டைச் சரங்கள் உறிஞ்சப்பட்டுச் சிறுநீரகம் வழியாகத்தான் வெளியேற வேண்டும். டயாலிசிஸ் செய்பவருக்கு அப்படிப்பட்ட புண்ணில் அதை அப்பக்கூடாது. பி.இ.ஜி.க்கே ஒவ்வாமை உள்ளவர்களும் உண்டு, மிக அரிதாக. ஃபைசர் கோவிட் தடுப்பூசியின் கொழுப்புத்துளியில் பி.இ.ஜி. 2000 இணைந்த மூலக்கூறு ஒன்று இருப்பதால்தான் 2021-இல் ஊசி போடும் முன் ஒவ்வாமையைக் கேட்டார்கள். தொடர்பே இல்லாத மருந்துகளால் ஒருவருக்குத் திரும்பத் திரும்ப உடம்பு தடித்து மூச்சு முட்டினால், அவற்றில் பொதுவாக மேக்ரோகோல் இருக்கிறதா என்று பார்க்கச் சொல்லலாம்.

பற்பசை, முகக்களிம்புப் பெட்டிகளில் இருக்கும் எண் வேறு கணக்கு. அங்கே ‘பி.இ.ஜி.-8’ என்றால் எட்டுக் கண்ணி, மருந்துக் கணக்கில் அது 400; ‘பி.இ.ஜி.-75’ என்பது 3350. சிறிய எண்ணைக் கண்டு அது நஞ்சுக்கு அருகில் என்று எண்ணவேண்டாம்.

தோட்டத்தில் பிறந்தவர்களுக்கு ரப்பர், செம்பனை வழியாக இதில் இன்னொரு நெருக்கம் உண்டு. இந்தக் கண்ணிகளின் மூலப்பொருளான எத்திலீன் ஆக்சைடும் கிளைக்கோல்களும் திரெங்கானு, கெர்த்தேயில் தயாராகின்றன. எத்திலீன் ஆக்சைடு 11 டிகிரிக்குக் கீழேயே கொதித்துவிடும் வாயு, சட்டென்று தீப்பிடிக்கும், புற்றுநோய் உண்டாக்கும். மூடிய கலத்தில் கொஞ்சம் காரம் சேர்த்து, 100 டிகிரிக்கு மேல், சிறிது சிறிதாக ஏற்றினால்தான் அது ஒவ்வொரு கண்ணியாகச் சேரும். வேகமாக ஏற்றினால் எழும் வெப்பத்தைத் தணிக்க முடியாது. முடிவில் வெற்றிடம் வைத்து மிஞ்சிய வாயுவையும், பக்கவிளைவாக வரும் டையாக்சேனையும் இழுத்துவிடவேண்டும். மருந்துத் தரத்தில் டையாக்சேன் பத்து இலட்சத்தில் 10 பங்கைத் தாண்டக்கூடாது. செம்பனைக் கொட்டை எண்ணெயின் கொழுப்பு ஆல்கஹாலில் இதே கண்ணிகளை இரண்டு மூன்று மட்டும் தொடுத்தால் ஷாம்பு நுரைக்கும் பொருள் கிடைக்கும். ஏழு தொடுத்தால் சலவைத் திரவம். ரப்பர் ஆலையில் சிலிக்கா கலந்து காலணி அடித்தளம் செய்யும்போது, சிலிக்கா, ரப்பரை இறுகவைக்க உதவும் வேகமூட்டிகளைத் தன்மேல் ஒட்டவைத்துக்கொண்டு ரப்பரை வேகவிடாது. 100 பங்கு ரப்பருக்கு இரண்டு மூன்று பங்கு பி.இ.ஜி. 4000 போட்டால், அது சிலிக்காவின் மேற்பரப்பை முதலில் பிடித்துக்கொண்டு வேகமூட்டியை விடுவிக்கும். 1961-இல் சுவீடனில் கடலடியிலிருந்து தூக்கிய வாசா கப்பலின் மரம் காய்ந்து வெடிக்காமல் இருக்க 1962 முதல் 1979 வரை தெளித்ததும் பி.இ.ஜி.யைத்தான்.

ஆனால் அதே கண்ணிகளைக் கொழுப்பு அமீனில் தொடுத்து, கிளைஃபோசேட் களைக்கொல்லி இலையில் ஒட்டுவதற்காகச் சேர்க்கும் வகை கண்ணையும் தோலையும் எரிக்கும். மீன்களுக்குக் களைக்கொல்லியைவிட அதுவே அதிக நஞ்சு. மருந்தடிப்பவர்கள் கையுறையும் கண்ணாடியும் போடாமல் இருப்பதற்கு ‘இதுவும் பி.இ.ஜி. தானே’ என்பது காரணமாகக் கூடாது.

ஆசிரியர் அவர்களுக்கு எங்கள் வேண்டுகோள் இரண்டு. இனி மருந்து நஞ்சு பற்றிய செய்தி வரும்போது ‘டைஎத்திலீன் கிளைக்கோல்’, ‘எத்திலீன் கிளைக்கோல்’ என்று முழுப்பெயரை அச்சிடுங்கள். மேக்ரோகோல் 3350, 4000 அந்தப் பட்டியலில் இல்லை என்று ஒரு வரி சேருங்கள். அடுத்து, குடல் பரிசோதனைக்கு முன் நோயாளிக்குத் தரும் அறிவுறுத்தல் தாள் மலாயிலும் ஆங்கிலத்திலும்தான் கைக்கு வருகிறது. தண்ணீர் அளவு, மணிக்கணக்கு, தவிர்க்கவேண்டிய நம் சாப்பாடு ஆகியவை பெரிய எழுத்தில் தமிழிலும் அச்சாகவேண்டும் என்று சுகாதார அமைச்சுக்குத் தங்கள் நாளிதழ் வழியாகக் கேட்டுக்கொள்கிறோம். மொழிபெயர்ப்பையும் சரிபார்ப்பையும் கட்டணமின்றிச் செய்துதர நாங்கள் ஆயத்தம்.

இப்படிக்கு,
மருந்தகத்திலும் வேதியியல் கற்பித்தலிலும் பணிபுரியும் வாசகர்கள்,
சுங்கை சிப்புட், பேராக்.